முத்திரை குத்துவதற்கு முன் இரண்டு நிமிடம்

ஜேர்மனியின் ஹம்பேர்க் நகரில் பல் வைத்தியம் செய்கிறவள் நான். டொச் மொழிக்கு என் காது பழகியது வகுப்பறையில் பாதி, திங்கட்கிழமை மாலைகளில் பாதி. அந்த நேரத்தில் ஏஆர்டி என்ற ஜேர்மன் தொலைக்காட்சியில் 'குறோஸ்ஸ்டாட்ரெவியர்' என்ற பொலிஸ் தொடர் போகும். டிர்க் மத்தீஸ் என்ற பொலிஸ்காரர் வாய் திறந்தால் இந்த ஊர்த் துறைமுகத்துப் பேச்சு அப்படியே வந்து விழும். அவரைப் பார்த்துத்தான் இங்குள்ள மனிதர்கள் எப்படிப் பேசுகிறார்கள் என்று பிடித்துக்கொண்டேன்.

அந்த வேடத்தில் 1992 முதல் தன் இறுதிவரை நடித்தவர் யான் ஃபெடர். 1955இல் இதே ஊரில் பிறந்தவர். தகப்பனார் துறைமுகப் பக்கத்தில் மதுச்சாலை நடத்தியவர். அதனால் அது அவர் பயின்ற பேச்சல்ல, வளர்ந்த வீட்டுப் பேச்சு.

1981இல் வெளிவந்த 'டாஸ் போட்' நீர்மூழ்கிப் படத்தில் பில்கிறிம் என்ற கடற்படை வீரராக வருவார். புயல் காட்சியைப் படமாக்கும்போது நிஜமாகவே தவறி விழுந்து விலா எலும்புகள் முறிந்தன. பக்கத்தில் நின்ற நடிகர் பதறிக் கத்தியதையும் சேர்த்து இயக்குநர் வொல்ஃப்காங் பீட்டர்சன் அதை அப்படியே படத்தில் வைத்துவிட்டார். 1997இல் தொடங்கிய 'நொயஸ் அவுஸ் பியூட்டன்வார்டர்' தொடரில் பிராகல்மன் என்ற கமக்காரர். 2006இல் ஒரு தொலைக்காட்சிப் படத்தில், வேலை போய்விடக் கூடாதென்று தன் வயதைக் குறைத்துக் காட்டும் முதிய சுழியோடியாக நடித்தார். அந்த ஆண்டின் ஜேர்மன் தொலைக்காட்சி விருது அதற்காகக் கிடைத்தது. எனக்கு அவருடைய நடிப்பில் அதுதான் முதலிடம்.

2012இல் அவருக்கு வாய்ப் புற்றுநோய் என்று தெரியவந்தது. கதிர்ச் சிகிச்சை எடுத்தார், திரும்ப வந்து நடித்தார். 2019 டிசம்பர் 30இல் காலமானார். அவருக்கு நோய் எதனால் வந்தது என்று சொல்ல நான் அவருடைய வைத்தியர் அல்ல. ஆனால் வாயில் கதிர்ச் சிகிச்சை பெற்ற ஒருவர் கமெராவுக்கு முன் நின்று வசனம் பேசுவதென்றால் என்னவென்று எனக்குத் தெரியும்.

கதிர் உமிழ்நீர்ச் சுரப்பிகளையும் சுடும். எச்சில் வற்றினால் நாக்கு அண்ணத்தில் ஒட்டும், பாண் துண்டு தொண்டைக்குள் இறங்காது. பல்லைக் காப்பதே எச்சில்தான். அது இல்லாமல் போனால் முரசோரமாகப் பற்கள் மளமளவென்று சூத்தையாகும். தாடைத் தசைகள் இறுகி, மூன்று விரல் நுழைந்த வாயில் ஒரு விரல்கூட நுழையாமல் போவதுண்டு. கதிர் பட்ட தாடை எலும்பு ஆறுவதும் கடினம். பிறகு ஒரு பல்லைப் பிடுங்கினாலும் எலும்பு அழுகலாம். ஆகவே கதிர்ச் சிகிச்சைக்கு நாள் குறித்தால், அதற்கு முன் பல் வைத்தியரிடம் போங்கள். பிடுங்க வேண்டியதை முன்பே பிடுங்கிப் புண் ஆற விட வேண்டும். இதை யாரும் சொல்லாமல் வருகிறவர்களைப் பார்க்கும்போது எனக்கு நெஞ்சு பதறும்.

இங்கே எங்கள் ஆட்கள் பலர் வருவது, பல் பரிசோதனைக்கு வந்ததைப் பதியும் போனஸ் புத்தகத்தில் முத்திரைக்காக. வருடா வருடம் முத்திரை இருந்தால் கட்டுப்பல்லுக்குக் காப்புறுதி தரும் பங்கு கூடும்: ஐந்து வருடத்துக்கு 70 வீதம், பத்து வருடத்துக்கு 75. வரட்டும், நல்லது. முத்திரைக்கு முன், வாய்ப் புற்றுநோய்க்கு அறிகுறி உண்டா என்று பார்க்க இரண்டு நிமிடம் எனக்குத் தரவேண்டும். கோஸ் துணியால் நாக்கு நுனியைப் பிடித்து வலம் இடமாக இழுத்து ஓரங்களைப் பார்ப்பேன். பிறகு நாக்கின் அடி, கன்னத்தின் உட்புறம், கடைசிக் கடைவாய்ப் பல்லின் பின்புறம். கடைசியாகத் தாடையின் கீழ் விரல் வைத்து நெறி கட்டியிருக்கிறதா என்று தடவுவேன்.

ஒரு முறை எழுபது தாண்டிய ஓர் அன்ரியின் இடக் கன்னத்தில் வெள்ளைத் திட்டு ஒன்று இருந்தது. துணியால் துடைத்தேன், போகவில்லை. நடுவில் சின்னதாய் ஒரு சிவப்பு. அவர் வெற்றிலை அடக்கும் பக்கம் அதுதான்.

"நோகேல்லைத்தானே பிள்ளை, பேந்தென்ன?" என்றார்.

நோகாததுதான் பயம். தொடக்கத்தில் இந்த நோய் பெரும்பாலும் வலிப்பதில்லை. இரண்டு கிழமையில் ஆறாத புண், துடைத்தும் போகாத வெள்ளை, அதைவிட மோசமாகச் சிவப்பு, விரலுக்குக் கட்டியாகப் படும் ஓரம்: இதில் எது இருந்தாலும் வலிக்கும்வரை காத்திருக்க வேண்டாம். புகையிலை போடாத வெற்றிலை பரவாயில்லை என்று நினைக்கிறவர்கள் இன்னும் நிறைய. பாக்கு தனித்தே புற்றுநோய் தரும் என்று உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு முகமை வகைப்படுத்தியிருக்கிறது. சிகரெட்டும் மதுவும் சேர்ந்தால் ஒன்றின் தீங்கை மற்றது பெருக்கும்.

துண்டு வெட்டிச் சோதிக்க வேண்டும் என்றதும் அன்ரி கையை இழுத்துக்கொண்டார். "வெட்டினால் பரவிடும் எண்டு சொல்லுகினம்." பரவாது அன்ரி, வெட்டிப் பார்க்காமல் விட்டால்தான் வளரும் என்று மகளையும் இருத்தி வைத்து அரை மணித்தியாலம் பேசினேன். முடிவு வந்தது: புற்றாக மாறத் தொடங்கும் நிலை. தாடை அறுவைப் பிரிவில் அந்த இடத்தை மட்டும் எடுத்தார்கள். கதிர் தேவைப்படவில்லை.

இப்போது மூன்று மாதத்துக்கு ஒரு தடவை வருகிறார். வெற்றிலைப் பெட்டி அலுமாரிக்குள் போய்விட்டதாம். போன முறை நான் துணியை எடுக்குமுன்பே கதிரையில் சாய்ந்து நாக்கை வெளியே நீட்டிக்கொண்டிருந்தார்.