நினைவு சிந்தத் தொடங்குமுன் எழுதவேண்டிய பத்திரம்

சிங்கப்பூரின் ஈசூனில் எங்கள் புளோக்கின் கீழ்த்தளத்தில் உள்ள கல்மேசைக்குத் தினமும் மாலையில் ஒரு பாட்டி வருவார். அவருக்கு முதுமை மறதி நோய். பெயர்தான் மறதி, அவரிடம் முதலில் வந்தது நினைவுகள் சிந்துவது. எதிரே யார் இருந்தாலும் தன் தங்கை என்றெண்ணி, செம்பவாங் கடற்படைத் தளக் குடியிருப்பில் பொதுக்குழாயில் தண்ணீர் பிடித்தது, மாமியாருக்குத் தெரியாமல் வளையலை அடகு வைத்தது என்று எல்லாவற்றையும் கொட்டுவார். ஒருநாள், முன்பின் தெரியாத இருவர் பக்கத்தில் இருக்கும்போதே, வங்கி அட்டையின் இரகசிய எண்ணை ஒவ்வொன்றாக விரல் மடக்கிச் சொல்லிவிட்டார்.

மறுநாள் அவருடைய மகள் வங்கிக்கு ஓடினார். அம்மாவின் கணக்கை இனி நான் பார்த்துக்கொள்கிறேன் என்றார். உங்களிடம் எல்பிஏ இருக்கிறதா என்று கேட்டார்கள். அவர் அந்தச் சொல்லையே அன்றுதான் கேள்விப்பட்டார்.

நம்மில் பலர் பெற்ற பிள்ளை கையெழுத்துப் போட்டால் போதும் என்றே நினைக்கிறோம். போதாது. மனத்திறனை, அதாவது தானே முடிவெடுக்கும் திறனை, இழந்த ஒருவருக்காக முடிவெடுக்கும் உரிமை மகனுக்கோ மனைவிக்கோ தானாக வந்துவிடுவதில்லை. அந்த உரிமையை, தெளிவாக இருக்கும்போதே நாமே எழுதிக் கொடுக்கவேண்டும். 2010 மார்ச் மாதம் நடப்புக்கு வந்த மனத்திறன் சட்டம் அதற்கு வழி செய்திருக்கிறது. எழுதிக் கொடுக்கும் பத்திரத்தின் பெயர் நீடித்த அதிகாரப் பத்திரம். எல்லாரும் சொல்வது எல்பிஏ. உயில் நாம் போனபின் பேசும். இது நாம் உயிரோடு இருந்தும் முடிவெடுக்க இயலாத காலத்துக்கானது. அதுவரை பெட்டியில் கிடக்கும். மனத்திறன் இருக்கும்வரை எப்போது வேண்டுமானாலும் இரத்து செய்துவிடலாம்.

21 வயது நிறைந்த எவரும் எழுதலாம். அதிகாரம் பெறுபவருக்கும் 21 ஆகியிருக்கவேண்டும். நொடித்துப்போனவராக அறிவிக்கப்பட்டவரிடம் பண விவகாரத்தை ஒப்படைக்க முடியாது. பெரும்பாலானோருக்குப் படிவம் 1 போதும். அதில் இருவர்வரை நியமிக்கலாம், மாற்றாக ஒருவரையும் குறிக்கலாம். எங்கே வசிப்பது, யார் பராமரிப்பது என்பவை ஒரு பகுதி. வீடு, வங்கி, சொத்து இன்னொரு பகுதி. இரண்டையும் ஒருவரிடமே கொடுக்கலாம், பிரித்தும் கொடுக்கலாம். எனக்குப் பிரிப்பதுதான் பிடிக்கும்: பக்கத்தில் இருந்து கஞ்சி ஊட்டும் மகளிடம் பராமரிப்பு, கணக்கு வழக்கில் கறாரான மகனிடம் பணம். இருவரை ஒரே பொறுப்புக்குப் போட்டால், இருவரும் சேர்ந்தே முடிவெடுக்கவேண்டுமா, தனித்தனியாகவும் செய்யலாமா என்று குறிப்பிடவேண்டும். பேசிக்கொள்ளாத அண்ணன் தம்பியைச் சேர்ந்தே செய்யும்படி கட்டிப்போடாதீர்கள்.

விண்ணப்பம் சிங்பாஸ் என்ற அரசாங்க மின்னடையாளம் வழியாக இணையத்தில், பொதுக் காப்பாளர் அலுவலகத்துக்குப் போகிறது. நடுவே சான்றளிப்பவர் ஒருவரை நேரில் பார்க்கவேண்டும். அவர் அங்கீகாரம் பெற்ற மருத்துவராகவோ வழக்கறிஞராகவோ மனநல மருத்துவராகவோ இருப்பார். உங்களுக்குப் புரிகிறதா, யாராவது மிரட்டியோ ஏமாற்றியோ எழுத வைக்கிறார்களா என்று அவர் சோதிப்பார். அவருக்கான கட்டணம் ஆளுக்கு ஆள் மாறும். இரண்டு மூன்று இடங்களில் விசாரியுங்கள். குடிமக்கள் படிவம் 1-க்குக் கட்டவேண்டிய 70 வெள்ளியை அரசாங்கம் பல ஆண்டுகளாகத் தள்ளுபடி செய்து வந்திருக்கிறது. விண்ணப்பிக்கும் நாளில் நிலவரத்தைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

இந்த அதிகாரத்துக்கு எல்லையும் உண்டு. அதிகாரம் பெற்றவர் உங்கள் பெயரில் உயில் எழுத முடியாது, உங்கள் மத்திய சேமநிதிப் பணம் யாருக்கு என்ற நியமனத்தை மாற்ற முடியாது, உங்களை மதம் மாற்ற முடியாது, வாக்களிக்க முடியாது. உயிர் காக்கும் சிகிச்சையை நிறுத்துவதும் அவர் கையில் இல்லை.

மருத்துவர் முதுமை மறதி என்று சொன்னவுடன் கதவு மூடிவிட்டது என்று கைவிட்டுவிடாதீர்கள். ஆரம்பக் கட்டத்தில் இருப்பவருக்குப் பத்திரம் புரிகிறது என்று சான்றளிப்பவர் நிறைவடைந்தால் இன்னும் எழுதலாம். ஒருவருக்கு மனத்திறன் இல்லை என்று நிரூபிக்கப்படும்வரை இருப்பதாகவே கொள்ளவேண்டும் என்பது சட்டத்தின் முதல் கொள்கை. மனநலக் கழகம் 2022-23-ல் நடத்திய ஆய்வின்படி இங்கு 60 வயதும் அதற்கு மேலும் ஆனவர்களில் 8.8 விழுக்காட்டினருக்கு இந்நோய் உண்டு. நம் வீட்டுக்கு வராது என்று ஒத்திப்போட இது சின்ன எண் இல்லை.

காலம் கடந்துவிட்டால் நீதிமன்றம்தான். மருத்துவ அறிக்கையோடு விண்ணப்பித்து, பொறுப்பாளராக நியமனம் பெறவேண்டும். செலவும் அலைச்சலும் கூடுதல். பாட்டியின் மகள் இப்போது அந்த வழியில்தான் போய்க்கொண்டிருக்கிறார்.

பத்திரத்தின் மூலமோ நீதிமன்றத்தின் மூலமோ அதிகாரம் பெற்றவர், தன் விருப்பப்படி முடிவெடுக்க முடியாது. அந்த மனிதரின் நலனை முன்வைத்து, அவருடைய பழைய விருப்பங்கள், உணர்வுகள், நம்பிக்கைகள் ஆகியவற்றைக் கணக்கில் எடுத்தாகவேண்டும் என்கிறது சட்டம். அதனால் மகள் இப்போது கல்மேசைக்கு ஒரு பள்ளிக்கூட நோட்டுப்புத்தகத்தோடு வருகிறார். சென்ற வாரம் எனக்கு ஒரு பக்கத்தைக் காட்டினார். "வெள்ளிக்கிழமை மீன் தொடமாட்டார். பங்குனி உத்திரத்துக்கு ஈசூன் பாலசுப்பிரமணியர் கோயில். விளக்கை அணைத்துவிட்டால் தூங்கமாட்டார்."