டிக்கட் புத்தகமும் பொலிஸ் பாதுகாப்பும்

ஹட்டன், நுவரெலியா பக்கம் சட்டத்தரணியாக வேலை செய்யும் எனக்கு ஏப்ரல் வசந்த காலம் வந்தால் ஒரே மாதிரி வழக்குகள் வரும். நீர்வீழ்ச்சிக்குப் போகும் வழியில் ஒரு கயிறு, ஒரு பிளாஸ்டிக் கதிரை, டிக்கட் புத்தகத்தோடு ஒரு பையன். வாகனம் நிறுத்தக் கட்டணம் வசூலிக்கும் உரிமையை உள்ளூர் பிரதேச சபையிடமிருந்து ஒருவர் குத்தகைக்கு எடுத்திருப்பார். இரண்டாம் நாளே ஆட்டோக்காரர்கள் கயிற்றை அவிழ்ப்பார்கள். மூன்றாம் நாள் குத்தகைக்காரர் பொலிஸை அழைத்து வருவார்.

சில வருடங்களுக்கு முன் அப்படியொரு தகராறில் டிக்கட் வெட்டிய பையனுக்கு உதடு கிழிந்தது. பத்தொன்பது வயது, பக்கத்துத் தேயிலைத் தோட்டத்து லயத்துப் (தொழிலாளர் வரிசை வீட்டுப்) பிள்ளை. "நான் நாள் சம்பளத்துக்கு நிக்கிறவன் சேர், காசு எனக்கா வருது?" என்று கேட்டான். அடித்தவரும் அந்தத் தோட்டத்தின் அதே டிவிஷன்காரர்தான். அவர் சொன்னதும் நியாயமாகத்தான் பட்டது: "எங்க தாத்தா வெட்டுன ரோட்டுல நாங்க ஏன் சேர் காசு கட்டணும்?"

அந்தக் கோபத்துக்குக் காரணம் இருக்கிறது. 1987ஆம் ஆண்டின் 15ஆம் இலக்க பிரதேச சபைகள் சட்டத்தின் 33ஆம் பிரிவு, 2018இல் திருத்தப்படும்வரை, தோட்டங்களுக்குள் சபைப் பணத்தைச் செலவிடத் தடையாக இருந்தது. ஒரு குழிகூட மூடாத சபை அதே பாதையில் காசு கேட்டால் வயிறு எரியத்தான் செய்யும். முதலாம் குலோத்துங்கனைச் 'சுங்கம் தவிர்த்த சோழன்' என்று கொண்டாடியவர்கள் நாம். வழியில் மறித்துக் காசு கேட்பதன் மேலுள்ள கசப்பு அவ்வளவு பழையது.

ஆனாலும் கயிறு கட்டியவருக்கு உரிமை உண்டா என்பதைக் கோபத்தை வைத்துச் சொல்ல முடியாது, கடதாசியைத்தான் பார்க்க வேண்டும். பாராளுமன்றச் சட்டத்தின் அல்லது நடைமுறையிலுள்ள வேறொரு சட்டத்தின் அதிகாரமில்லாமல் எந்த உள்ளூர் அதிகார சபையும் வரியோ அறவீடோ விதிக்க முடியாது என்று அரசியலமைப்பின் 148ஆவது உறுப்புரை சொல்கிறது. ஆகவே முதல் கேள்வி, "இதற்கு எந்தச் சட்டம், சட்டத்தின் கீழ் சபை ஆக்கிய எந்தத் துணைவிதி?" அடுத்தது, குத்தகை ஒப்பந்தம் எந்த இடத்துக்கு, எவ்வளவு தொகைக்கு? வாகனத்தை நிறுத்துவதற்கான கட்டணத்தை, நிறுத்தாமல் கடந்து போகிறவரிடம் கேட்கக் கூடாது. நான் பார்த்த தகராறுகளில் பாதிக்கு மேல் இங்கேதான் தொடங்கின. நிறுத்துமிடம் கீழே இருக்க, கயிறு மேலே சந்தியில் கட்டப்பட்டிருக்கும். பாதையும் சபையுடையதா, தோட்டத்துடையதா, வீதி அபிவிருத்தி அதிகார சபையுடையதா என்று பார்க்க வேண்டும். அந்த அதிகார சபையின் கீழுள்ள ஏ7 போன்ற பிரதான வீதியில் சபை தன் விருப்பத்துக்குக் கயிறு கட்ட இடமில்லை.

பொலிஸ் பாதுகாப்பு என்றால் என்ன என்பதில்தான் இரு தரப்புக்கும் குழப்பம். பொலிஸ் வந்து நிற்பது அடிதடி நடக்காமல் பார்க்க. குத்தகைக்காரருக்காகக் காசு வாங்கிக் கொடுப்பது அவர்கள் வேலையல்ல. பொலிஸ் நிற்பதால் செல்லாத கட்டணம் செல்லுபடியாகியும் விடாது. இதைக் குத்தகைக்காரர்களிடம் நான் முகத்துக்கு நேரே சொல்வதுண்டு. அதே மூச்சில் ஊர்க்காரர்களிடமும் சொல்வேன்: கட்டணம் செல்லாததாகவே இருந்தாலும் பையன் மேல் கை வைத்தால் அது தண்டனைச் சட்டக் கோவையின்படி குற்றம். காசைக் கேட்டவர் குத்தகைக்காரர், அடி வாங்கியவன் பையன், வழக்கில் நிற்பவர் நீங்கள். மூன்று பேரும் ஒரே மலையில் இருப்பவர்கள்.

முறுகல் முற்றினால் பொலிஸ் நிலையப் பொறுப்பதிகாரிக்கு ஒரு நல்ல வழி இருக்கிறது. 1979ஆம் ஆண்டின் 44ஆம் இலக்க ஆரம்ப நீதிமன்ற நடவடிக்கைமுறைச் சட்டத்தின் 66ஆம் பிரிவின் கீழ், நிலம் அல்லது வழியுரிமை பற்றிய தகராறில் அமைதி குலையும் அபாயம் இருந்தால் பொலிஸ் நீதிமன்றத்துக்கு அறிக்கையிட வேண்டும். பொலிஸ் அசையாவிட்டால் தரப்பினரே நேரடியாகப் போகலாம். விசாரணை முடியும்வரை இடைக்காலக் கட்டளையும் பெறலாம். எங்கள் பையனின் விவகாரத்தில் அதைத்தான் கேட்டோம். நீதவான் முன் ஒப்பந்தத்தை விரித்தபோதுதான் சந்தியில் கயிறு கட்ட அதில் இடமே இல்லை என்பது தெரிந்தது. கயிறு கீழே போனது. அடித்தவர் மன்னிப்புக் கேட்டு மருந்துச் செலவைக் கொடுத்தார்.

பொலிஸில் எண்ட்ரி (முறைப்பாடு) போடப் போகிறவர்களுக்கு ஒன்று. வாக்குமூலத்தைத் தமிழில் கொடுக்கலாம், அந்த உரிமை அரசியலமைப்பின் மொழி பற்றிய 4ஆம் அத்தியாயத்தில் இருக்கிறது. புரியாத சிங்களத்தில் எழுதியதன் கீழ் கையெழுத்துப் போட்டுவிட்டு, "நான் அப்படிச் சொல்லல சேர்" என்று என்னிடம் வந்து அழுதவர்கள் பலர். வாசித்துக் காட்டச் சொல்லுங்கள். ஒத்துக்கொண்ட பிறகு கையெழுத்திடுங்கள்.

துணைவிதியும் ஒப்பந்தமும் வேண்டுமென்றால் கயிறு கட்டும்வரை காத்திருக்க வேண்டாம். 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்க தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் சபையின் தகவல் அலுவலரிடம் எழுதிக் கேளுங்கள். தருவதா இல்லையா என்று 14 வேலை நாட்களுக்குள் அவர் முடிவெடுக்க வேண்டும். ஏப்ரலுக்குள் கடதாசி கையில் இருக்க வேண்டுமென்றால் விண்ணப்பம் பெப்ரவரியிலேயே போய்ச் சேர்ந்திருக்க வேண்டும்.