வீட்டில் செய்த சீஸ் என்றால் கெடாதா?

கோடை விடுமுறை வந்தால் வாந்தி, வயிற்றுப்போக்கு என்று கிளினிக்கில் கூட்டம் கூடுவது வழக்கம்தான். வேளச்சேரிப் பக்கம் பிராக்டிஸ் செய்பவருக்கு அதில் அதிசயம் ஒன்றும் இல்லை. ஆனால் இந்த வருஷம் ஒரே அபார்ட்மென்ட்டிலிருந்து, ஒரே பிறந்தநாள் விழாவுக்குப் போனவர்கள் குழந்தையும் குட்டியுமாக ஒரே இரவில் வந்து உட்கார்ந்தார்கள். எல்லோருக்கும் சந்தேகம் கேட் வாசலில் நின்ற பானிபூரிக்காரர் மேல்தான். விசாரித்தால், வந்தவர்களில் பாதிப் பேர் பானிபூரியைத் தொடவே இல்லை. அத்தனை பேரும் சாப்பிட்டது சாண்ட்விச். அதில் தடவியிருந்தது கொத்தமல்லி, புதினா, பூண்டு போட்டு வீட்டிலேயே செய்த சீஸ் ஸ்ப்ரெட்.

“அதுல ஒண்ணும் இருக்காது டாக்டர். நானே வீட்ல செஞ்சது. ப்ரிசர்வேட்டிவ் ஒரு துளிகூடப் போடல.”

இந்த வசனத்தைக் கேட்டுக் கேட்டு அலுத்துவிட்டது. அதனால்தான் இதை எழுதுகிறேன்.

முந்தின நாள் பனீர் செய்து, தயிரோடு சேர்த்து மிக்ஸியில் அடித்து, கீரை வகையறாவைக் கையால் கலந்திருக்கிறார்கள். மறுநாள் சாயந்திரம் நாலு மணிக்கு மொட்டை மாடி மேஜைக்கு வந்தது, கேக் வெட்டி ஆட்டம் பாட்டம் எல்லாம் முடிகிறவரை அங்கேயே இருந்தது. மே மாதச் சென்னையில்! சாப்பிட்ட இரண்டு மூன்று மணி நேரத்தில் வாந்தி. இப்படி வந்தால் எங்களுக்கு முதலில் ஞாபகம் வருவது ஸ்டெஃபைலோகாக்கஸ். ஏறக்குறைய மூன்றில் ஒருவர் மூக்கில் இந்தக் கிருமி எந்தத் தொல்லையும் தராமல் குடியிருக்கும். விரலில் ஆறாத வெட்டுக்காயம் இருந்தாலும் போதும், உணவுக்கு வந்துவிடும். அது கக்குகிற நச்சு கொதிக்கவைத்தாலும் போகாது என்பதால், “திரும்பச் சூடு பண்ணிட்டோமே” என்பதில் பயன் இல்லை. (அன்றைக்கு அதுதானா என்று உறுதியாகச் சொல்ல முடியாது. மிச்சமிருந்த ஸ்ப்ரெட்டைக் கழுவி ஊற்றிவிட்டார்கள்.)

சரி, அந்த ப்ரிசர்வேட்டிவ் விஷயத்துக்கு வருகிறேன்.

கடையில் விற்கிற ஸ்ப்ரெட் ஏன் மாதக்கணக்கில் தாங்குகிறது? பாலை முறையாகச் சூடாக்குகிறார்கள். சீஸை மறுபடி சூடாக்கி, சூட்டோடு டப்பாவில் அடைத்துக் காற்றுப் புகாமல் மூடுகிறார்கள். பலவற்றில் சார்பிக் அமிலம் மாதிரி ஏதாவது சேர்க்கிறார்கள். ஆலையிலிருந்து கடைவரை குளிரிலேயே கொண்டுவருகிறார்கள். இது எதுவுமே உங்கள் சமையலறையில் நடக்கவில்லை. அதைப் பெருமையாகவும் சொல்கிறீர்கள். அப்புறம் எந்த தைரியத்தில் இரண்டு வாரம் வைத்துச் சாப்பிடுகிறீர்கள்? ப்ரிசர்வேட்டிவ் இல்லையென்றால் சீக்கிரம் கெடும் என்று அர்த்தம். அவ்வளவுதான். ‘இயற்கையானது, அதனால் கெடாது’ என்று இதை எப்படித் தலைகீழாக்கினோம் என்று எனக்கு இன்றுவரை புரியவில்லை. பாலும் இயற்கையானதுதானே? ராத்திரி முழுக்க வெளியே வைத்துவிட்டுக் காலையில் அதில் காபி போட்டுப் பாருங்கள்.

இதைச் சொன்னால் உடனே ஊறுகாய் வாதம் வரும். “எங்க பாட்டி போட்ட ஆவக்காய் வருஷம் பூரா வெளியிலதான் இருந்தது.” இருந்திருக்கும். பாட்டிக்கு ஊறுகாய் போடத் தெரிந்திருந்தது. கல்லுப்பை அவர் கை நிறைய அள்ளிப் போட்டார், மாங்காயின் புளிப்பும் இருந்தது. கிருமி வளராமல் பார்த்துக்கொண்டது அந்த உப்பும் புளிப்பும்தான். எண்ணெய் மேலே நின்று பூஞ்சையைத் தடுத்தது, அவ்வளவே. உங்கள் ஸ்ப்ரெட்டில் உப்பு எவ்வளவு? குழந்தைக்காக என்று அரை டீஸ்பூன். புளிப்பு? வடிகட்டிய தயிரில் செய்தால் ஓரளவு உண்டு. பனீரில் செய்தால் அதுவும் குறைவு. ஈரமோ தாராளம். ஊறுகாயின் நியாயத்தை இதற்குக் கொண்டுவராதீர்கள்.

தயிர் வெளியே இருந்தால் புளிக்கத்தானே செய்யும் என்பார்கள். வெறும் தயிருக்கு அது பெரும்பாலும் சரி. அதில் பனீரையும் ஃப்ரெஷ் கிரீமையும் கோயம்பேட்டு மண்ணோடு வந்த கொத்தமல்லியையும் சேர்த்தபின் அது தயிர் இல்லை.

எண்ணெய் என்றதும் இன்னொன்று. வடிகட்டிய தயிரை உருண்டை பிடித்து, பூண்டுப் பற்களோடு கண்ணாடி ஜாடியில் ஆலிவ் எண்ணெயில் மூழ்கவைத்து, ஜன்னலோரம் அழகாக அடுக்கிவைக்கிற வீடியோக்கள் சுற்றுகின்றன. தயவுசெய்து வேண்டாம். பூண்டு மண்ணுக்குள் விளைவது. நரம்புகளை முடக்கிப்போடுகிற பாட்டுலிசம் என்ற நோயை உண்டாக்கும் கிருமியின் வித்துகள் மண்ணில் உண்டு. காற்றுப்படாத இடம் அதற்கு வசதி, எண்ணெய் அதைத்தான் தருகிறது. பூண்டை வதக்கிப் போட்டேன் என்பதும் உதவாது, அந்த வித்துகள் கொதிநீரையே தாங்கும். 1985இல் கனடாவின் வான்கூவரில் ஓர் உணவகத்தில், எண்ணெயில் போட்ட நறுக்கிய பூண்டை ஃப்ரிட்ஜில் வைக்காமல் பயன்படுத்தியதால் 36 பேருக்குப் பாட்டுலிசம் வந்தது. அவர்களில் பலருக்கு மருத்துவர்கள் முதலில் வேறு ஏதோ நோய் என்றே நினைத்தார்கள். அபூர்வமான நோய் என்பதால் எங்களுக்கும் சட்டென்று பொறி தட்டாது. எங்களை நம்பி ரிஸ்க் எடுக்காதீர்கள்.

அடுத்து பச்சைப் பால். காய்ச்சாத பாலை அடுப்படியில் விட்டுவைக்காத ஊர் நம்முடையது. பால் வந்ததும் முதல் வேலை காய்ச்சுவதுதான். அந்த நல்ல பழக்கத்தை, நாட்டு மாட்டுப் பால் என்று பண்ணையிலிருந்து பாட்டிலில் வருகிற ‘ஏ2’ பாலுக்காக இப்போது கைவிடுகிறார்கள். காய்ச்சினால் சத்து போய்விடுமாம், சீஸ் மெத்தென்று வராதாம். மாடு என்ன ரகமாக இருந்தாலும் பச்சைப் பாலில் புரூசெல்லா, லிஸ்டீரியா என்ற கிருமிகள் வரலாம். வாரக்கணக்கில் விட்டு விட்டுக் காய்ச்சல், மூட்டு வலி என்று அலைபவர்களிடம் புரூசெல்லாவாக இருக்குமோ என்று “பச்சைப் பால் குடிப்பீங்களா?” எனக் கேட்பது எங்களுக்கு இன்னும் வழக்கம்.

கர்ப்பிணிகளிடம் இதைத் தனியாகக் கெஞ்சிக் கேட்கிறேன். போன வருஷம் ஏழு மாதக் கர்ப்பிணி ஒருவர், தோழி பச்சைப் பாலில் செய்து தந்த ஹெர்ப் சீஸை ஒரு வாரம் தோசைக்குத் தொட்டுச் சாப்பிட்டுவிட்டு, அப்புறம் எங்கோ படித்துப் பயந்து வந்தார். அவருக்கு ஒன்றும் ஆகவில்லை. ஆனால் லிஸ்டீரியா வெளிப்பட 70 நாள்வரைகூட ஆகலாம். அத்தனை நாளும் ஒவ்வொரு தும்மலுக்கும் அந்தப் பெண் போன் செய்தார். அவரைக் குறை சொல்ல மாட்டேன். தாய்க்கு லேசான காய்ச்சலோடு போய்விடும், வயிற்றில் இருக்கிற குழந்தையைத்தான் அது கொல்லும். அதே 1985இல் அமெரிக்காவின் லாஸ் ஏஞ்சலஸில் மெக்சிகோ பாணி மென் சீஸ் ஒன்றினால் 142 பேர் பாதிக்கப்பட்டார்கள். கருவிலேயே இறந்த சிசுக்களையும் சேர்த்து 48 உயிர்கள் போயின. லிஸ்டீரியா ஃப்ரிட்ஜுக்குள்ளேயே மெதுவாக வளரக்கூடியது. வாசனை மாறாது, நிறம் மாறாது. ஆகவே “மோந்து பார்த்தேன், நல்லாத்தான் இருந்தது” என்று என்னிடம் சொல்லாதீர்கள்.

செய்யவே கூடாதா என்று கேட்பீர்கள். தாராளமாகச் செய்யுங்கள், எனக்கும் பிடிக்கும். பாக்கெட் பாலாகவே இருந்தாலும் பொங்கக் காய்ச்சி ஆறவைத்து அன்றைக்கு உறை ஊற்றிய கெட்டித் தயிரை எடுங்கள். வடிகட்டும் துணியைப் பத்து நிமிஷம் கொதிக்கவிடுங்கள். பழைய வேட்டித் துணி என்றால் அதற்கென்றே ஒன்றை ஒதுக்குங்கள், கரித்துணியோடு சேர்த்துத் துவைக்காதீர்கள். தயிரைக் குழாயில் கட்டி ராத்திரி முழுக்கத் தொங்கவிடுவது சென்னைக்கு ஒத்துவராது. வடிகட்டியில் துணியை விரித்து, கீழே பாத்திரம் வைத்து, மூடி, ஃப்ரிட்ஜுக்குள் வையுங்கள். காலையில் தயார்.

கொத்தமல்லி, புதினாவில் வேரையும் அழுகலையும் கிள்ளிவிட்டு, ஓடுகிற தண்ணீரில் அலசி, கொதிநீரில் சில விநாடி முக்கி எடுத்து, ஒட்ட உலர்த்துங்கள். பச்சை நிறமும் நன்றாக நிற்கும். உப்புத் தண்ணீரில் ஊறவைத்தால் கிருமி செத்துவிடும் என்பது கற்பனை. பூண்டு அரைப்பல் போதும், அன்றன்று கலந்துகொள்ளுங்கள். கையால் பிசையாதீர்கள், கரண்டி இருக்கிறது. விரலில் காயமோ வயிற்றுப்போக்கோ இருப்பவர் அன்று சமையலறைப் பக்கமே வர வேண்டாம்.

சின்னச் சின்ன டப்பாவில் பிரித்து, மூடியில் தேதி எழுதி, உள்தட்டில் வையுங்கள். கதவில் வைத்தால் திறக்கும்போதெல்லாம் சூடாகும். ஃப்ரிட்ஜ் 5 டிகிரிக்குக் கீழே இருக்க வேண்டும். சந்தேகமாக இருந்தால் ஒரு தெர்மாமீட்டர் வாங்கி உள்ளே போட்டுப் பாருங்கள். மூன்று நாளில் முடியவில்லையென்றால் கொட்டிவிடுங்கள், பனீர் கலந்தது என்றால் இரண்டே நாள். மணிக்கணக்கில் கரன்ட் போன நாளில் கணக்கே பார்க்காமல் கொட்டுங்கள். மேஜையில் இரண்டு மணி நேரத்துக்கு மேல் இருக்கக்கூடாது. வெயில் 32 டிகிரியைத் தாண்டினால், அதாவது இங்கே பாதி வருஷம், ஒரு மணி நேரம்தான். வாட்ஸ்அப் குரூப்பில் விற்பவர்களுக்கும் இதேதான். விற்றால் உணவுப் பாதுகாப்பு ஆணையமான எஃப்எஸ்எஸ்ஏஐயின் பதிவும் வேண்டும்.

மீறி வயிற்றைப் பிரட்டினால், ஓஆர்எஸ் பாக்கெட் ஒன்றை அதில் போட்டிருக்கிற அளவு தண்ணீரில் கலந்து கொஞ்சம் கொஞ்சமாகக் குடியுங்கள். மெடிக்கல் ஷாப்பில் நீங்களாக ஆன்டிபயாடிக் கேட்டு வாங்காதீர்கள், பேதியை நிறுத்தும் மாத்திரையைக் குழந்தைக்குக் கொடுக்கவே கொடுக்காதீர்கள். மலத்தில் ரத்தம், சிறுநீர் குறைவது, நிற்காத வாந்தி, கர்ப்பிணிக்குக் காய்ச்சல் என்றால் உடனே மருத்துவரிடம் வாருங்கள். இமை தொங்கினாலோ, பார்வை இரண்டாகத் தெரிந்தாலோ, நாக்குக் குழறினாலோ அது பாட்டுலிசமாக இருக்கலாம், கிளினிக்குக்கு வந்து டோக்கன் போட்டுக் காத்திருக்க வேண்டாம். 108ஐக் கூப்பிட்டு நேராகப் பெரிய ஆஸ்பத்திரிக்குப் போங்கள். மிச்சமிருக்கிற ஸ்ப்ரெட்டை மட்டும் கொட்டாதீர்கள், என்ன கிருமி என்று சோதிக்க அது உதவும். மூடி, ‘யாரும் சாப்பிடக் கூடாது’ என்று எழுதி ஒட்டி, ஃப்ரிட்ஜில் வைத்துவிட்டுப் போங்கள்.