படிக்கட்டுக்கு எப்படித் தெரியும்?

"பிரிந்து ஆறு வருடமாகிறது. மறந்தே போய்விட்டேன். போன வாரம், நாங்கள் வழக்கமாக உட்காரும் நூலகப் படிக்கட்டைக் கடந்தபோது நெஞ்சு அடைத்துக்கொண்டது. இடங்களுக்கு நினைவு உண்டா?" என்று ஒரு வாசகர் கேட்கிறார்.

கல்லுக்கு நினைவு கிடையாது. இடங்களில் 'அதிர்வலைகள்' தங்கியிருப்பதாகக் காசு வாங்கிக்கொண்டு சொல்பவர்கள், அதே படியில் செருப்பு மாட்டும் மற்றவர்களுக்கு ஏன் ஒன்றும் ஆவதில்லை என்று விளக்கட்டும்.

மூளையில் ஹிப்போகாம்பஸ் நினைவுகளைப் பதியும் பகுதி என்பது பள்ளிப் பாடம். 1971இல் ஜான் ஓ'கீஃபும் ஜொனாதன் டஸ்ட்ரோவ்ஸ்கியும், எலி குறிப்பிட்ட இடத்துக்கு வந்தால் மட்டும் துடிக்கும் செல்களை அங்கே கண்டார்கள். நடந்ததும் நடந்த இடமும் அங்கே பின்னிக்கொண்டே பதிகின்றன. (ஓ'கீஃபுக்கு நோபல் கிடைத்தது 2014இல். எலி ஆராய்ச்சிக்கு வரிப்பணமா என்று கேட்பவர்கள் இந்த 43 ஆண்டுகளை எண்ணிப் பார்க்கலாம்.)

எனக்குப் பிடித்தது அதற்குள் இருக்கும் 'சிஏ3' என்ற சிறு பகுதி. அதன் செல்கள் தங்களுக்குள்ளேயே தாராளமாகப் பிணைந்தவை. சேர்ந்து துடித்தவற்றின் பிணைப்பு வலுக்கும். படியின் சொரசொரப்பு, சாய்ந்த வெயில், ஒரு சிரிப்பு எல்லாம் ஒரே கட்டாகிவிடும். பிறகு ஒரு நுனி போதும். படியைக் கண்ட சில செல்கள் கூட்டாளிகளை எழுப்ப, அவை மற்றவற்றை எழுப்ப, கூப்பிடாத சிரிப்பும் வந்து நிற்கும். 2002இல் சுண்டெலிகளின் சிஏ3இல், இந்தப் பிணைப்பு வலுக்கத் தேவையான ஒரு வகை ஏற்பியை (செல்லுக்கு வரும் சேதியை வாங்கும் புரதம்) நீக்கிப் பார்த்தார்கள். நீர்த்தொட்டியைச் சுற்றி நான்கு அடையாளங்களும் இருந்தவரை அவை நீரில் மறைந்த மேடையைக் கண்டுபிடித்தன. மூன்றை எடுத்ததும் தடுமாறின. சாதாரணச் சுண்டெலிக்கோ மிஞ்சிய ஒன்றே போதுமாயிருந்தது!

சரி, ஆறிய மனம் ஏன் மறுபடி கிளறப்பட்டது? ஒரு கூண்டில் எலிக்கு ஓர் ஒலியைக் கேட்டாலே அஞ்சப் பழக்குங்கள். வேறு கூண்டில் அந்த ஒலியைத் தீங்கின்றித் திரும்பத் திரும்பக் கேட்கவைத்தால் அச்சம் அடங்கும். பழைய கூண்டுக்குக் கொண்டுவந்தால் மீண்டும் தலைதூக்கும். பழைய பாடம் அழியவில்லை. அதன்மேல் எழுதிய புதிய பாடம், கற்ற இடத்தோடு ஒட்டிக்கொண்டுவிட்டது. வாசகரும் வேறு அறைகளில், வேறு தெருக்களில்தான் மனம் ஆறியிருப்பார். அந்தச் செய்தி படிக்கட்டுக்குப் போய்ச் சேரவில்லை.

அதனால் அந்தத் தெருவைத் தவிர்த்துச் சுற்றிப் போகாதீர்கள் என்பேன். ஒரு புத்தகத்தோடு அதே படியில் போய் உட்காருங்கள். முதல் சில நாள் நெஞ்சு அடைக்கத்தான் செய்யும்.