ஒன்பதாம் வகுப்பில் மைதானத்தை விட்டுப் போகும் பெண்கள்: சட்டம் எதுவரை, திட்டம் எதுவரை

எட்டாம் வகுப்பு வரை கோ-கோவில் சிட்டாய்ப் பறந்த பெண், ஒன்பதாம் வகுப்பில் பி.டி. பீரியடின்போது மரத்தடியில் உட்கார்ந்து கணக்கு நோட்டைப் புரட்டிக்கொண்டிருப்பாள். வேலூர் மாவட்டத்தில் காட்பாடி, குடியாத்தம், அணைக்கட்டு என்று எந்தப் பக்கம் போனாலும் இப்படி ஒரு பெண்ணைப் பார்க்கலாம். வீட்டில் கேட்டால் "வயசுக்கு வந்துட்டா", "வெயில்ல கறுத்துப் போயிடுவா", "அடுத்த வருஷம் டென்த்" என்பார்கள். இந்தக் காரணங்களைப் பற்றி நிறையப் பேசியாகிவிட்டது. பேசாமல் விட்ட காரணம் ஒன்று உண்டு. சட்டம் அவளுக்குக் கொடுத்திருக்கும் விளையாட்டு உரிமையும் அதே எட்டாம் வகுப்போடு நின்றுவிடுகிறது.

2009-ஆம் ஆண்டின் இலவசக் கட்டாயக் கல்வி உரிமைச் சட்டம் 6 முதல் 14 வயது வரை உள்ள குழந்தைகளுக்கானது. அதன் இணைப்பு அட்டவணையைப் பலரும் படிப்பதில்லை. பள்ளிக்கு விளையாட்டு மைதானம் இருக்க வேண்டும் என்றும், ஒவ்வொரு வகுப்புக்கும் தேவைக்கேற்ப விளையாட்டுப் பொருள்கள் தரப்பட வேண்டும் என்றும் அதில் எழுதியிருக்கிறது. 6 முதல் 8-ஆம் வகுப்பு வரை 100 பிள்ளைகளுக்கு மேல் இருந்தால், உடற்கல்விக்குப் பகுதிநேரப் பயிற்றுநர் ஒருவரும் வேண்டும். தமிழ்நாட்டில் 2012-இல் பகுதிநேரச் சிறப்பாசிரியர்கள் நியமிக்கப்பட்டது இந்த ஏற்பாட்டின் கீழ்தான். ஆண் பிள்ளைக்கு இவ்வளவு, பெண் பிள்ளைக்கு இவ்வளவு என்ற பிரிவினை அட்டவணையில் எங்கும் இல்லை. ஆகவே "பையன்கள் விளையாடி முடிக்கட்டும், அப்புறம் நீங்க போங்க" என்று ஒரு பள்ளி சொன்னால், அது பள்ளியின் பழக்கமே தவிர விதி கிடையாது.

ஒன்பதாம் வகுப்பிலிருந்து நடப்பதெல்லாம் திட்டங்களின் தயவு. 2018-இல் தொடங்கிய ஒருங்கிணைந்த பள்ளிக் கல்வித் திட்டத்தில் விளையாட்டுப் பொருள்கள் வாங்க ஆண்டு மானியம் உண்டு. தொடக்கப் பள்ளிக்கு 5,000 ரூபாய், நடுநிலைப் பள்ளிக்கு 10,000, உயர்நிலை மற்றும் மேல்நிலைப் பள்ளிகளுக்கு 25,000 வரை. அந்தப் பணத்தில் வாங்கிய பந்தும் வலையும் அலமாரியில் பூட்டிக் கிடக்கின்றனவா, மாணவிகள் கைக்கு வருகின்றனவா என்று கேட்கும் இடம் பள்ளி மேலாண்மைக் குழு. குழுவில் முக்கால் பங்கு பெற்றோராகவும், பாதிப் பேர் பெண்களாகவும் இருக்க வேண்டும் என்பது சட்டம். மகள் படிக்கும் பள்ளியில் அந்தக் குழுவின் கூட்டம் என்றைக்கு என்று முதலில் தெரிந்துகொள்ளுங்கள்.

6 முதல் 12-ஆம் வகுப்பு மாணவிகளுக்கு மூன்று மாதத் தற்காப்புப் பயிற்சி என்று தனியாக ஒன்றும் இருக்கிறது. நல்ல ஏற்பாடு. ஆனால் அதைக் காட்டி "பெண்களுக்குத்தான் கராத்தே நடத்தினோமே" என்று விளையாட்டு பீரியடைக் கழித்துவிடக் கூடாது. இரண்டும் வேறு வேறு.

பெண் பிள்ளைகளுக்கு என்று தனி விளையாட்டு ஏன் வந்தது என்பதையும் கொஞ்சம் சொல்ல வேண்டும். நம் பள்ளிகளில் 'பொம்பளப் பிள்ளைங்க கேம்' என்று ஒதுக்கப்பட்ட த்ரோபாலின் மூதாதை, 1895-இல் அமெரிக்காவின் நியூ ஆர்லியன்ஸ் நகரில் ஒரு பெண்கள் கல்லூரி ஆசிரியை உருவாக்கிய பந்தாட்டம். உடல் அதிகம் அலுங்காமல், ஒருவர்மேல் ஒருவர் படாமல் பெண்கள் ஆட வேண்டும் என்ற காலத்து நினைப்பு அதன் விதிகளிலேயே இருந்தது. 1928 ஆம்ஸ்டர்டாம் ஒலிம்பிக்கில் பெண்கள் முதன்முதலாக 800 மீட்டர் ஓடினார்கள். ஓடி முடித்துச் சிலர் களைத்துப்போனதைப் பத்திரிகைகள் ஊதிப் பெரிதாக்கின. அதன்பின் 1960 வரை ஒலிம்பிக்கில் பெண்களுக்கு அந்த ஓட்டமே இல்லை. இரண்டு நிமிடத்துச் சொச்ச ஓட்டத்துக்காக முப்பத்திரண்டு வருடத் தடை! களைப்பு ஆணுக்கு வந்தால் வீரம், பெண்ணுக்கு வந்தால் ஆபத்து என்று பார்த்த கண் அது. "அவளால முடியாது" என்று இன்றும் நம் வீடுகளில் சொல்வது எனக்கு அந்தச் செய்தித்தாள்களின் குரலாகத்தான் கேட்கிறது.

சுதந்திர இந்தியாவின் பெண்கள் ஒலிம்பிக்கில் முதன்முதலாக இறங்கியது 1952, ஹெல்சிங்கி. நால்வர் போனார்கள். 1975-இல் மத்திய அரசு பெண்களுக்கென்று தேசிய விளையாட்டு விழாவைத் தொடங்கியது. அதற்கு மூன்று வருடம் முன்பே அமெரிக்காவில், அரசுப் பணம் வாங்கும் எந்தக் கல்வி நிறுவனமும் பால் வேறுபாடு காட்டக் கூடாது என்று சட்டம் வந்துவிட்டது. 1971-72-இல் அங்கே உயர்நிலைப் பள்ளி அணிகளில் ஆடிய பெண்கள் மூன்று லட்சத்துக்கும் குறைவு. இன்று முப்பது லட்சத்துக்கு மேல். நாம் விழா எடுத்தோம், அவர்கள் உரிமை கொடுத்தார்கள். அந்த வித்தியாசம் ஒன்பதாம் வகுப்புப் பெண்ணின் மேல்தான் வந்து விடிகிறது.

1987-இல் நான் ஒன்பதாவது படித்தேன், திருப்பத்தூர் பக்கத்தில். அப்போது ஒரே வட ஆற்காடு மாவட்டம். அரக்கோணம், திருவண்ணாமலை, திருப்பத்தூர் எல்லாம் அதற்குள். கோ-கோ மாவட்டத் தேர்வு வேலூரில். கூட வர ஒரு டீச்சர் இல்லை, அவ்வளவு தூரம் பெண்ணைத் தனியே அனுப்ப அப்பாவுக்கு மனம் இல்லை. என் பெயர் பட்டியலில் இருந்தது, நான் வீட்டில் இருந்தேன். 1989-இல் திருவண்ணாமலை தனியாகப் போனது. 2019-இல் வேலூர் மாவட்டம் மூன்றாகி ராணிப்பேட்டையும் திருப்பத்தூரும் தனி மாவட்டங்கள் ஆயின. நிர்வாகச் செய்தியாகவே எல்லாரும் அதைப் படித்தோம். மாணவிகளுக்கு அதில் பெரிய லாபம் இருக்கிறது. ஒரு மாவட்ட அணி இருந்த இடத்தில் இப்போது மூன்று மாவட்ட அணிகள். வாணியம்பாடிப் பெண் மாவட்டப் போட்டிக்கு வேலூர் வர வேண்டியதில்லை.

போட்டிகளின் படிக்கட்டு இதுதான். பள்ளிக் கல்வித் துறை குடியரசு தினம், பாரதியார் தினம் என்ற பெயர்களில் நடத்தும் போட்டிகள், பக்கத்துப் பள்ளிகள் சேர்ந்த குறுவட்டத்தில் தொடங்கி, மாவட்டம், மாநிலம் என்று ஏறும். 14, 17, 19 வயதுக்குட்பட்டோர் என மூன்று பிரிவு, மாணவிகளுக்குத் தனியாக. பள்ளி பெயர் கொடுத்தால்தான் குறுவட்டத்திலேயே ஆட முடியும். அதனால் ஜூன், ஜூலையிலேயே உடற்கல்வி ஆசிரியரிடம் "பெண்கள் அணி அனுப்புகிறீர்களா, யார் கூடப் போகிறார்கள்" என்று கேட்டுவிடுங்கள். கூடப் போக ஆசிரியை இல்லை என்றால், அம்மாக்களில் ஒருவர் வருவதாகச் சொல்லுங்கள். 2021 முதல் சாதாரணக் கட்டண நகரப் பேருந்தில் பெண்களுக்குப் பயணம் இலவசம். மாணவிக்குப் பள்ளி பஸ் பாஸ் இருக்கிறது. நம் பக்கத்து அம்மாக்கள் பலர் வேலை பார்க்கும் ஷூ கம்பெனியில் ஒருநாள் லீவு போடுவதுதான் கஷ்டம், எனக்கும் தெரியும். மூன்று நான்கு அம்மாக்கள் முறை வைத்துக்கொண்டால் அதையும் சமாளிக்கலாம்.

முதலமைச்சர் கோப்பை தனி. அதைத் தமிழ்நாடு விளையாட்டு மேம்பாட்டு ஆணையம் நடத்துகிறது. பள்ளிப் பிரிவு 12 முதல் 19 வயது வரை, ஆணையத்தின் இணையதளத்தில் பதிய வேண்டும். மாநில அளவில் தனிநபர் போட்டியில் முதல் பரிசு ஒரு லட்சம் ரூபாய். பணம் பெண்ணுக்கும் பையனுக்கும் ஒன்றுதான்.

அதே ஆணையத்தின் விளையாட்டு விடுதிகளைப் பற்றி நம் ஊரில் போதிய பேச்சு இல்லை. 7, 8, 9, 11-ஆம் வகுப்புகளில் சேர்க்கை. தங்குமிடம், சாப்பாடு, சீருடை, பயிற்சி எல்லாம் அரசுச் செலவு. மாணவிகளுக்குத் தனி விடுதிகள் உண்டு. பத்தாம் வகுப்பில் சேர்க்கை இல்லை என்பதைக் கவனியுங்கள். "டென்த் முடியட்டும்" என்று ஒன்பதில் விட்டால் இரண்டு வருடம் போய்விடும். அறிவிப்பு பொதுவாக முழு ஆண்டுத் தேர்வை ஒட்டி வரும்.

வேலூரில் உள்ள சத்துவாச்சாரியைப் பாருங்கள். 2014-லும் 2018-லும் காமன்வெல்த் போட்டியில் பளுதூக்கித் தங்கம் வாங்கிய சதீஷ் சிவலிங்கம் அந்த ஊர்க்காரர். அங்கே பளு தூக்குவது பையன்களுக்குக் குடும்பக் கலை மாதிரி. பெண்கள் பளுதூக்குதல் ஒலிம்பிக்குக்கு வந்ததே 2000-இல்தான். அந்த முதல் முறையிலேயே ஆந்திராவின் கர்ணம் மல்லேஸ்வரி வெண்கலம் வாங்கினார். ஒலிம்பிக் பதக்கம் வென்ற முதல் இந்தியப் பெண் அவர். கதவு திறந்த அன்றே ஒருத்தி உள்ளே போய்ப் பதக்கத்தோடு வந்தாள் என்றால், கதவு சாத்தியிருந்த வருடங்களில் எத்தனை பேர் வெளியே நின்றிருப்பார்கள்?

மாதவிடாய் நாட்களைப் பற்றி வெளிப்படையாகவே சொல்கிறேன். புதுயுகம் திட்டத்தில் பள்ளி மாணவிகளுக்கு இரண்டு மாதத்துக்கு ஒருமுறை மூன்று பாக்கெட் நாப்கின், பாக்கெட்டுக்கு ஆறு வீதம், இலவசம். வரவில்லை என்றால் வகுப்பாசிரியையிடம் கேட்கலாம், கூச்சம் வேண்டாம். அந்த நாட்களில் ஆடுவதா வேண்டாமா என்பதை அவள் தீர்மானிக்கட்டும். அதற்காக அணியிலிருந்து பெயரை எடுப்பது நியாயமில்லை.

"விளையாடி என்ன கிடைக்கும்" என்று கேட்கும் அப்பாக்களுக்கு: பொறியியல் கலந்தாய்வில் விளையாட்டு ஒதுக்கீடு 500 இடங்கள். தமிழ்நாடு அரசு வேலைகளில் 3 சதவீதம். இவற்றுக்குச் சான்றிதழ்தான் உயிர். ஜெயித்த அன்றே சான்றிதழில் பெயர், இனிஷியல், பிறந்த தேதி மூன்றும் பள்ளிப் பதிவேட்டில் உள்ளபடி இருக்கின்றனவா என்று பார்த்து வாங்குங்கள். இனிஷியல் சான்றிதழில் பெயருக்கு முன்னாலும் பதிவேட்டில் பின்னாலும் இருந்தால், பின்னாளில் சரிபார்க்கும்போது அலைய வேண்டியிருக்கும்.

பள்ளியில் பதில் கிடைக்காவிட்டால் 14417 என்ற கல்வி உதவி எண்ணுக்குப் பேசலாம். முதன்மைக் கல்வி அலுவலருக்கு மனுவும் எழுதலாம். ஆனால் அதற்கு முன் பள்ளி மேலாண்மைக் குழுவில் ஒரே ஒரு வரியைத் தீர்மானமாகப் போடச் சொல்லுங்கள்: "9, 10-ஆம் வகுப்பு மாணவிகளின் விளையாட்டு பீரியடை வேறு பாடத்துக்கு எடுக்கக் கூடாது." கூட்டப் புத்தகத்தில் எழுதி, கையெழுத்து வாங்கி, போனில் ஒரு படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள்.