தெருமுனையில் நிற்கும் சிவப்புக் கார்

தெருமுனையில் ஒரு சிவப்புக் கார் நிற்கிறது. நாம் அதைக் கவனிக்காமலே கடந்துவிடுவோம். மனம் பிறழத் தொடங்கியிருக்கும் ஒருவருக்கோ, அது தம்மை வேவு பார்ப்பதற்காகவே நிறுத்தப்பட்டிருப்பதாகப் படுகிறது. அதன் எண்ணைக் குறித்துக்கொள்கிறார். மறுநாள் இன்னொரு காரின் எண்ணையும் குறித்துக்கொள்கிறார். சில வாரங்களில் அந்த எண்களைத் தவிர வேறெதிலும் அவருடைய மனம் நிலைப்பதில்லை.

இரண்டாம் உலகப்போரின்போது ராணுவ மருத்துவமனையில் தாம் கண்ட வீரர்களைக் கொண்டு, ஜெர்மானிய மனநல மருத்துவர் கிளாஸ் கொன்ராட் இந்தத் தொடக்க நிலையை 1958இல் விரிவாக எழுதினார். ஏதோ நடக்கப்போகிறது, என்னவென்றுதான் தெரியவில்லை என்ற அந்த இறுக்கத்துக்கு அவர் இட்ட பெயர் 'ட்ரேமா'. மேடையேறுமுன் வரும் நடுக்கத்தை நடிகர்கள் அப்படித்தான் அழைத்தார்கள். திடீரென்று ஒரு கணத்தில் எல்லாம் விளங்கிவிட்டதாகத் தோன்றும்போது அந்த இறுக்கம் தளர்கிறது.

எதிர்பாராதது நிகழும்போது 'இதைக் கவனி' என்று மூளைக்குச் சொல்வதில் டோபமைன் என்ற மூளை வேதிப்பொருளுக்குப் பெரும் பங்கு உண்டு. மனப்பிறழ்வில் அது தகுந்த காரணமின்றி வெளிப்படுவதால்தான் சாதாரணப் பொருள்மீதும் முக்கியத்துவம் ஏறிவிடுகிறது என்று மனநல மருத்துவர் ஷிதிஜ் கபூர் 2003இல் விளக்கினார். அப்படியானால், பிறழ்நம்பிக்கை, அதாவது ஆதாரம் காட்டினாலும் அசையாத தவறான நம்பிக்கை, அந்த விசித்திர அனுபவத்துக்கு அதை அனுபவிப்பவர் தேடிக்கொள்ளும் விளக்கம்.

அந்த விளக்கம் ஏன் அவ்வளவு விரைவில் உறுதியாகிறது என்பதற்கு 1988இல் வெளியான ஒரு சோதனை சிறு வெளிச்சம் தருகிறது. ஒரு ஜாடியில் 85 மணிகள் ஒரு நிறம், 15 மணிகள் வேறு நிறம். மற்றொன்றில் இதற்கு நேர்மாறு. மணிகளை ஒவ்வொன்றாகக் காட்டி, எந்த ஜாடியிலிருந்து எடுக்கப்படுகின்றன என்று கேட்டால், பிறழ்நம்பிக்கை உள்ளவர்கள் மற்றவர்களைவிடக் குறைவான மணிகளிலேயே முடிவுக்கு வந்துவிடுகிறார்கள்.

இப்படி உறுதியாக நம்புபவரோடு ஒப்பிட்டால், அழுக்குப் பயத்தால் திரும்பத் திரும்பக் கை கழுவுபவரின் நிலை பெரும்பாலும் வேறு. தம் பயம் மிகையானது என்று அவருக்குத் தெரிந்தும் விட முடிவதில்லை.

சிவப்புக் காருக்கு அஞ்சுபவரிடம் வீட்டார் ஆதாரம் காட்டி வாதாடுவது இயல்பே. ஆனால் அவர்கள் மறுப்பது விளக்கத்தை மட்டுமே. காரைக் கண்டதும் எழும் அந்தத் திடுக்கிடல் அப்படியே இருக்கிறது. மூளைச் செல்களில் டோபமைன் வந்து பொருந்தும் இடங்களான ஏற்பிகளைத் தடுக்கும் மருந்துகள் அந்தத் திடுக்கிடலைத்தான் தணிக்கின்றன. அதனால் நம்பிக்கை உடனே மறைவதில்லை; கார் இன்னும் தமக்காகவே நிற்கிறது என்று சொல்லிக்கொண்டே, அதன் எண்ணைக் குறித்துக்கொள்ள மறந்து அவர் கடந்துபோகிறார்.