‘திறந்த வயல்’ அன்று, ஊர்வெளி

இங்கிலாந்தின் நாட்டிங்ஹாம்ஷயர் வட்டாரத்தில் லாக்ஸ்டன் என்றொரு சிற்றூர் இருக்கிறது. அவ்வூரைப் பற்றிய ஆவணப்படம் ஒன்றைத் தமிழ்க் குரலுடன் அண்மையில் பார்த்தேன். அரை மணி நேரத்துக்குள் ‘திறந்த வயல் முறை’ என்ற தொடர் பதினொரு முறை வந்தது. பன்னிரண்டாம் வகுப்பில் வரலாறு படிக்கும் என் அக்காள் மகன் அருகில் அமர்ந்திருந்தான். ஏழாவது முறையோ எட்டாவது முறையோ அந்தத் தொடர் வந்தபோது, “மாமா, வயலை யாரு மூடி வச்சிருந்தாங்க?” என்று கேட்டான். அவன் கேட்டதில் தவறே இல்லை. தமிழ் தெரிந்த எவருக்கும் அந்த ஐயம் எழ வேண்டும். பாடக் குறிப்புகளிலும் மொழிபெயர்ப்பு நூல்களிலும் பல்லாண்டுகளாக இதே தொடரைப் படித்துப் படித்து நமக்கு ஐயம் எழாமல் போய்விட்டது.

பொருளை முதலில் சொல்லிவிடுகிறேன். ஆங்கிலத்தில் ‘ஓப்பன் ஃபீல்ட்’ என்பது, ஓர் ஊரின் விளைநிலம் முழுவதும் இரண்டு மூன்று பெரும் பரப்புகளாகக் கிடக்க, ஒவ்வொரு உழவரும் ஒவ்வொரு பரப்பிலும் சிதறலாகச் சில நீண்ட நிலப்பட்டைகளை வைத்துக்கொண்டு, இடையே வேலியோ புதர்வரிசையோ இல்லாமல், என்ன பயிர், எப்போது விதைப்பு, எப்போது மேய்ச்சல் என்பவற்றில் ஊர் முழுவதும் ஒரே ஒழுங்குக்குக் கட்டுப்பட்டு உழுத முறையாகும். லாக்ஸ்டனில் அந்தப் பரப்புகள் மூன்று: சவுத் ஃபீல்ட், வெஸ்ட் ஃபீல்ட், மில் ஃபீல்ட். ஒன்றில் குளிர்காலக் கோதுமை, அடுத்ததில் இளவேனிலில் விதைக்கும் பயிர், மூன்றாவது ஓய்வில் என்று மூன்றாண்டுச் சுழற்சி. 1635-இல் மார்க் பியர்ஸ் என்ற நில அளவையாளர் வரைந்த அவ்வூரின் படம் ஆக்ஸ்ஃபோர்டின் போட்லியன் நூலகத்தில் இருக்கிறது. அதில் காணும் மூன்று வெளிகளின் எச்சம் இன்றும் உழவில் இருக்கிறது என்பதே லாக்ஸ்டனின் பெருமை. நிலப்பட்டைகள் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஒன்றுசேர்க்கப்பட்டு அகலமாகிவிட்டன. ஆனால் சுழற்சியும், உழவு ஒழுங்கைக் காக்கும் ஊர்மன்றமும் மறையவில்லை.

சொல்லின் பிறப்பு சுருக்கமானது. ‘ஃபீல்ட்’ என்பதன் பழைய வடிவமான ‘ஃபெல்ட்’ மரமும் தடையும் இல்லாத சமவெளியைக் குறித்தது. ஷெஃபீல்ட் என்ற நகரின் பெயருக்கு ‘ஷீஃப் ஆற்றங்கரை வெளி’ என்பதே பொருள். பிற்காலத்தில் வேலியடைத்த தனி நிலத்துக்கும் அப்பெயர் சென்றதால், பழையதைப் பிரித்துக் காட்ட ‘ஓப்பன்’ என்ற அடையைச் சேர்க்க வேண்டியதாயிற்று.

நம் மொழிபெயர்ப்பாளர்கள் இந்த அடையைத்தான் பிடித்துக்கொண்டார்கள். தமிழில் ‘திறந்த’ என்றால் முன்பு மூடியிருந்தது என்று பொருள். கதவைத் திறக்கிறோம், பெட்டியைத் திறக்கிறோம், அணையைத் திறக்கிறோம். வயலோடு சேர்த்துத் திறப்பைச் சொன்னால் தஞ்சை உழவர் மனத்தில் மடைதான் எழும். மடை திறந்து நீர் பாயும் வயல் என்றே அவர் கொள்வார். ‘திறந்தவெளி’ என்பது தமிழில் இயல்பாக நிற்கிறதே என்று சிலர் மறுக்கக்கூடும். அங்கே பொருளைத் தாங்குவது ‘வெளி’ என்ற சொல். அதை எடுத்துவிட்டு அந்த இடத்தில் ‘வயல்’ என்பதைப் பொருத்தினால், தாங்கும் தூண் போய் ஒட்டுத்துணி மட்டும் மிஞ்சுகிறது.

இதைவிட எனக்கு வருத்தம் தருவது ‘பொதுவயல்’ என்ற மாற்று. தூய தமிழில் ஆர்வமுள்ள நண்பர்களே இதை முன்வைக்கிறார்கள் என்பதால் விரிவாகவே மறுக்க வேண்டியிருக்கிறது. ‘இந்தப் பரப்புகளைத் தனித்தனி நிலங்களாகப் பிரித்து வேலியிட வழிசெய்த வேலியடைப்புச் சட்டங்களிலேயே ‘காமன் ஃபீல்ட்’ என்று இருக்கிறது, எனவே பொதுவயல் என்பதே சரி’ என்பது அவர்கள் வாதம். சட்டங்களில் அப்படி இருப்பது உண்மைதான். ஆனால் அங்கே ‘காமன்’ என்பது உரிமையைச் சுட்டுகிறது. அறுவடை முடிந்தபின் ஊரார் மாடும் ஆடும் அந்தப் பரப்பு முழுவதும் மேயலாம் என்ற உரிமை அது. நிலப்பட்டை பொதுவானது அன்று. ஒருவர் உழுது விதைத்த பட்டையின் கதிரை அவரே அறுத்தார். பக்கத்துப் பட்டைக்காரர் ஒரு கைப்பிடி எடுத்தாலும் குற்றம். தமிழில் பொதுக்கிணறு, பொதுச்சொத்து, பொதுப்பாதை என்று சொல்லும்போது உடைமையே பொது என்று கேட்பவர் கொள்கிறார். ‘பொதுவயல்’ என்று படிக்கும் மாணவனுக்குச் சோவியத் கூட்டுப்பண்ணைதான் நினைவுக்கு வரும். ஆயிரம் ஆண்டுப் பழக்கம் ஒன்றை இருபதாம் நூற்றாண்டு அரசியலோடு குழப்பிவிட, பொருந்தாத ஓர் அடைமொழி போதும். அதிலும் ஒரு படி மேலே போய்ச் ‘சமுதாய வயல்’ என்று எழுதுகிறவர்கள் இருக்கிறார்கள். அதற்கு எந்த ஆவணத்தின் துணையும் இல்லை.

சோழ மண்டலத்தில் வழங்கிய ‘கரையீடு’ என்ற சொல்லை இதற்கு எடுத்துக்கொள்ளலாமா என்று ஒருவர் கேட்டார். நல்ல கேள்வி, எனக்கும் ஒருகாலத்தில் அந்த ஆசை இருந்தது. ஆனால் கரையீட்டில் குறித்த காலத்துக்கு ஒருமுறை நிலமே பங்காளிகளிடையே கைமாறும். லாக்ஸ்டனில் மாறுவது பயிர்; நிலம் அவரவரிடமே நிற்கும். அருமையான சொல் என்பதற்காகவே அதைப் பொருந்தாத இடத்தில் அமர்த்தக் கூடாது.

‘வேலியில்லா வயல்’ என்பது பொருளுக்கு மிக அருகில் வருகிறது. இதில் இரண்டு இடர்கள் உள்ளன. காவிரிப் படுகையில் ‘வேலி’ என்பது நில அளவும் ஆகும்; இருபது மா ஒரு வேலி, ஏறத்தாழ ஆறரை ஏக்கர். அங்கே ‘வேலியில்லா’ என்றால் ஒரு வேலி நிலம்கூட இல்லாத ஏழை என்றும் பொருள்படலாம். அடுத்து, ‘வயல்’ என்பதே இங்கு முழுமையாகப் பொருந்தவில்லை. நம் வழக்கில் வயல் என்றால் நீர் நிற்கும் நன்செய். புன்செய்யைக் கொங்கு நாட்டில் காடு என்பார்கள், பிற இடங்களில் கொல்லை என்பார்கள். மழையை நம்பிக் கோதுமை விளைகிற லாக்ஸ்டனின் களிமண் நிலத்தைப் படிப்பவர், ‘வயல்’ என்ற சொல்லைக் கண்டதும் நாற்றங்காலைத்தான் நினைப்பார்.

மிச்சமிருப்பது ‘வெளி’. ‘ஃபெல்ட்’ என்ற பழஞ்சொல் எதைச் சொல்லிற்றோ அதையே நம் ‘வெளி’யும் சொல்கிறது. அது ஊர்ப்பெயரிலும் ஏறும், மந்தைவெளியைப் போல. ஈழத்தில் விளைநிலப் பரப்பையே வெளி என்று சொல்லும் வழக்கு இருக்கிறது. ஊரின் கட்டுக்கு உட்பட்ட வெளி என்பதால் ‘ஊர்வெளி’ என்கிறேன். முறையைச் சொல்லும்போது ‘ஊர்வெளி உழவு’. ஊருக்கு வெளியே என்று மயங்காதா என்றால், அந்தப் பொருளுக்கு ‘ஊர்ப்புறம்’ இருக்கிறது. சவுத் ஃபீல்டைத் தென்வெளி என்றும், வெஸ்ட் ஃபீல்டை மேல்வெளி என்றும், காற்றாலையின் பெயர் கொண்ட மில் ஃபீல்டை ஆலைவெளி என்றும் எழுதிப் பாருங்கள். ஊரார் வாயில் புழங்கிய பெயர்களாகவே அவை ஒலிக்கின்றன.

ஊர்வெளியைப் பிரித்து வேலியிட்டதைக் குறிக்கும் ‘என்க்ளோஷர்’ என்பதை வெறும் ‘அடைப்பு’ என்று எழுதுவதும் இதே நோயின் மற்றொரு வடிவம். 1604 முதல் 1914 வரை 5,200-க்கும் மேற்பட்ட சட்டங்கள், ஏறத்தாழ 68 லட்சம் ஏக்கர், இங்கிலாந்தின் பரப்பில் ஐந்தில் ஒரு பங்குக்கும் சற்று மேல்! இவ்வளவு பெரிய மாற்றத்தைக் குழாய் அடைப்போடு மயங்கும் ஒரு சொல்லால் குறிக்கலாமா? ‘வேலியடைப்பு’ என்றால் கண்முன்னே தெரியும். ஓய்வில் விடும் நிலத்தைத் ‘தரிசு’ என்கிறார்கள். தரிசு என்றதும் பயிரே காணாத நிலம்தான் நினைவுக்கு வரும். நம் உழவர் இதை ‘ஆறப்போட்ட நிலம்’ என்பார். அங்கே ஆட்டை அடைத்து உரமேற்றுவதை ‘கால்நடைக் கழிவு மூலம் வளமூட்டல்’ என்று அந்தப் படத்தில் நீட்டி முழக்கினார்கள். ‘கிடை போடுதல்’ என்ற இரண்டு சொற்கள் தெரியாதவரிடம் உழவைப் பற்றிய மொழிபெயர்ப்பை ஏன் ஒப்படைக்கிறார்கள்? பர்லாங்கு என்று நாம் சொல்கிறோமே, அதுவும் இந்த வெளிகளில் பிறந்த சொல். ‘நீண்ட உழவுசால்’ என்பதே அதன் பொருள். எருதுகளைத் திருப்புவது கடினமாகையால் உழவுசாலை நீளமாக ஓட்டினார்கள்; அது 220 கஜம். அந்த நீளத்துக்கு 22 கஜ அகலம் சேர்ந்தால் ஓர் ஏக்கர். நிலப்பட்டை ஏன் ஒடுங்கி நீண்டது என்பதற்கான விடை அந்த ஒரு சொல்லிலேயே கிடக்கிறது. படத்தில் அதைப் பற்றி ஒரு வரிகூட வரவில்லை.

அதே படத்தின் மிக அழகான பகுதியை என் சொற்களில் எழுதிப் பார்த்தேன். நவம்பர் இறுதியில், குளிர்காலக் கோதுமை விதைத்த ஊர்வெளிக்கு உழவர்களைக் கொண்ட நடுவர் குழு செல்கிறது. பட்டை பட்டையாக நடந்து, எவருடைய ஏராவது பாதையிலோ, உழாமல் விட்ட ஓடைப்புல்லிலோ ஏறியிருக்கிறதா என்று பார்க்கிறார்கள். எல்லை மறைந்த இடத்தில் ஒருவர் முளைக்குச்சியைப் பிடிக்க இன்னொருவர் சம்மட்டியால் அடிக்கிறார். ஒரு வாரம் கழித்து ஊர் விடுதியான டோவ்கோட்டில் ஊர்மன்றம் கூடி, எல்லை மீறியவருக்குச் சிறு தண்டம் விதிக்கிறது. இத்தகைய மன்றங்களின் சட்ட அதிகாரத்தை 1977-ஆம் ஆண்டுச் சட்டம் நீக்கியபோதும் லாக்ஸ்டன் மன்றத்துக்கு அது விடப்பட்டது. நிலத்தின் உடைமை 1952-இல் மேன்வர்ஸ் பிரபுவிடமிருந்து அரசின் வேளாண் அமைச்சகத்துக்கும், 1981-இல் அரச நிலங்களை நிர்வகிக்கும் கிரவுன் எஸ்டேட்டுக்கும், 2020-இல் தோர்ஸ்பி எஸ்டேட்டுக்கும் போயிருக்கிறது. முளையடிப்பு இன்றும் தொடர்கிறது.

இதைப் படித்துக் காட்டியபோது அக்காள் மகன் இடையில் நிறுத்தி ஒரே ஒரு சொல்லுக்குப் பொருள் கேட்டான். அது ‘தண்டம்’.